நிற்கும் தேரும் ஓடும் தேரும்: ஒரு நாள் சென்னைச் சுற்றுலாவுக்கு ஒரு மறுப்பு

சென்னைக்குப் புதிதாக வருகிற ஒருவர், வழிகாட்டி உடன்வரும் பேருந்திலோ வாடகைக் காரிலோ காலையில் ஏறி, நகரத்தின் ‘முக்கிய இடங்கள்’ என்று பட்டியலிடப்பட்டவற்றைப் பார்த்து முடித்து, இருட்டுவதற்குள் விடுதிக்குத் திரும்பிவிட்டால் அவர் சென்னையைப் பார்த்தவராகிறார் என்ற கருத்து, சுற்றுலாத் தொழிலில் இருப்பவர்களிடம் மட்டுமன்றிச் சென்னைவாசிகளிடமும் வேரூன்றிவிட்டது. வெளியூரிலிருந்து உறவினர் வந்தால் வீட்டார் வகுத்துக் கொடுக்கும் திட்டமும் ஏறத்தாழ இதே பட்டியல்தான்: ஜார்ஜ் கோட்டை, எழும்பூர் அருங்காட்சியகம், வள்ளுவர் கோட்டம், கிண்டி பாம்புப் பண்ணை, மயிலாப்பூர் கபாலீசுவரர் கோயில், சாந்தோம் தேவாலயம், கடைசியில் மெரினா. தமிழ்நாடு சுற்றுலா வளர்ச்சிக் கழகம் நெடுங்காலம் நடத்திவந்த நகரச் சுற்றுலாவின் வரிசையும் சிறு மாற்றங்களுடன் இதுவேயாக இருந்தது. தனியார் நடத்துவனவும் இதிலிருந்து அதிகம் விலகவில்லை. இந்தக் கருத்து பிழையானது என்பதும், அந்தப் பிழை பயணியை மட்டுமன்றி ஊரையும் பாதிக்கிறது என்பதுமே இங்கு நிறுவப்படவிருப்பவை.

எதிர்த்தரப்பின் வாதத்தை அதன் வலுவான வடிவிலேயே எடுத்துக்கொள்வதுதான் முறை. அது நான்கு கால்களில் நிற்கிறது. மருத்துவத்துக்கு வந்தவர், திருமணத்துக்கு வந்தவர், விமானம் மாறும் இடைவெளியில் தங்கியவர், காஞ்சிபுரத்துக்கும் மாமல்லபுரத்துக்கும் போகும் வழியில் இறங்கியவர் எனப் பெரும்பாலோருக்குக் கையில் இருப்பது ஒரே ஒரு நாள் என்பதால், ஒன்றுமே பார்க்காமல் போவதைவிட ஏழு இடங்களையாவது பார்ப்பது மேல் என்பது முதற்கால். ஒரு பானைச் சோற்றுக்கு ஒரு சோறு பதம் என்பதுபோல, ஊரின் தலைசிறந்த சில இடங்கள் முழு ஊரின் இயல்பையும் காட்டிவிடும் என்பது இரண்டாவது. தெரியாத ஊரில் தானாகச் சுற்றுகிறவர் கட்டடத்தை மட்டுமே பார்ப்பார், வழிகாட்டியோ அதன் வரலாற்றையும் சேர்த்துக் கொடுப்பார் என்பது மூன்றாவது. முதியவர், தனியே பயணம் செய்யும் பெண், மொழி தெரியாதவர் ஆகியோருக்கு இதைவிடச் செலவு குறைந்த, பாதுகாப்பான வழி இல்லை என்பது நான்காவது. இவற்றில் எதுவும் அற்பமான காரணம் அன்று. ஆனால் எதுவும் சென்னையின் தெருவில் வைத்துச் சோதித்தால் நிற்பதும் இல்லை.

1. ‘முக்கிய இடம்’ எது என்று முடிவு செய்தவர் யார்?

இப்பட்டியலுக்கு ஒரு பிறப்பு உண்டு. லண்டனில் ஜான் மறே நிறுவனம் 1859இல் வெளியிட்ட இந்தியக் கையேட்டின் முதற்பகுதி மதராசுக்கு உரியது. கப்பலில் வந்திறங்கிச் சில நாட்களில் உள்நாட்டுக்குப் புறப்படவிருந்த ஆங்கிலேயப் பயணிக்காக எழுதப்பட்ட அவ்வகை நூல்கள், கண்ணுக்குத் தெரிகிற கட்டடத்தையே ‘காட்சி’ என்று கொண்டன. அந்த அளவுகோலே கைமாறிக் கைமாறி இன்றைய பேருந்துவரை வந்திருக்கிறது. பட்டியலில் இடம்பெற ஒரு பொருள் மூன்று நிபந்தனைகளை நிறைவேற்ற வேண்டும்: ஆண்டின் எந்த நாளும் அது அதே இடத்தில் நிற்க வேண்டும், வண்டி அதன் அருகே போக முடிய வேண்டும், அதைப் பற்றிப் பத்து நிமிடங்களில் பேசி முடிக்க முடிய வேண்டும். இம்மூன்றும் பேருந்தின் வசதிகளே தவிர, ஊரின் இயல்புகள் அல்ல.

ஊர் தன்னைப் பற்றித் தானே எவ்வாறு சொல்லிக்கொண்டது என்பதற்கு மயிலாப்பூரிலேயே ஒரு பழஞ்சான்று இருக்கிறது. ஏழாம் நூற்றாண்டினரான திருஞானசம்பந்தர் பாடிய பூம்பாவைப் பதிகம், பாம்பு தீண்டி இறந்து, எரித்த எலும்பும் சாம்பலுமாகக் குடத்தில் வைக்கப்பட்டிருந்த சிவநேசர் மகள் பூம்பாவையை அழைத்துப் பாடியது என்று பெரியபுராணம் கூறும். அப்பதிகம் கோயில் கட்டடத்தைப் பற்றி நின்று பேசுவதில்லை. ஐப்பசி ஓணம், கார்த்திகை விளக்கீடு, மார்கழி ஆதிரை, தைப்பூசம், மாசிக் கடலாட்டு, பங்குனி உத்திரம் என்று மாதங்களையும் நாட்களையும் அடுக்கி, இவற்றையெல்லாம் பார்க்காமலா புறப்பட்டுவிட்டாய் என்று அந்தப் பெண்ணிடம் கேட்கிறது. ஆக, பதின்மூன்று நூற்றாண்டுகளுக்கு முன்பே மயிலையில் காணத்தக்கவை எவை என்ற கேள்விக்குக் கிடைத்த விடை இடங்களின் பட்டியல் அன்று, பொழுதுகளின் பட்டியல். அந்தப் பதிகம் பாடப்பெற்ற கோயிலின் வாசலுக்கே பயணியை அழைத்துவந்து, கோபுரத்தின் உயரத்தை மட்டும் சொல்லி அனுப்புவது எந்த வகையில் ஊரைக் காட்டுவதாகும்?

இந்த வேறுபாட்டைத் தேரைக் கொண்டு தெளிவாகக் காணலாம். மார்ச்–ஏப்ரலில் வரும் பங்குனிப் பெருவிழா பத்து நாட்கள் நடப்பது. அதன் ஏழாம் நாள் காலையில் கபாலீசுவரர் தேர் நான்கு மாட வீதிகளிலும் ஓடும் (மாட வீதி என்பது கோயிலையும் குளத்தையும் சுற்றி அமைந்த தெரு). அந்நாளின் கடினமான வேலை நேர்வீதியில் இழுப்பது அன்று, மூலையில் திருப்புவது. வடம் பிடித்தவர்கள் இழுத்துக்கொண்டே இருக்க, சக்கரத்தை ஒட்டிக் குனிந்தபடி நடந்துவரும் சிலர், ஆப்பு வடிவில் செதுக்கிய முட்டுக்கட்டையை உருளும் சக்கரத்தின் அடியில் சரியான கணத்தில் கொடுக்கின்றனர். ஒரு பக்கம் தடைபட்டு மறுபக்கம் உருள, மேலே சீலைகளும் குடையும் ஆட, மரத்தேர் கொஞ்சம் கொஞ்சமாக முகம் திருப்புகிறது. கட்டையைக் கொடுத்த கை அடுத்த நொடியே வெளியே வந்துவிட வேண்டும். தடை போடுவதை முட்டுக்கட்டை போடுவது என்று தமிழில் சொல்லும் வழக்கு இந்தக் கட்டையிலிருந்து வந்தது. மாட வீதி மூலையிலோ அந்தக் கட்டைதான் தேருக்கு வழி காட்டுகிறது. மறுநாள் பிற்பகலில் அறுபத்து மூவர் விழா: நாயன்மார் அறுபத்து மூவரின் திருமேனிகளும் பல்லக்குகளில் புறப்பட, மோர்ப்பந்தலும் அன்னதானமும் இல்லாத தெரு அவ்வட்டாரத்தில் இராது. பூம்பாவை உயிர்பெற்று எழுந்த நிகழ்வு நடித்துக் காட்டப்படுவதும் அன்று காலையில்தான்.

பட்டியலிலும் ஒரு தேர் உண்டு. 1976இல் திறக்கப்பட்ட வள்ளுவர் கோட்டத்தில், திருவாரூர்த் தேரை மாதிரியாகக் கொண்டு எழுப்பப்பட்ட கல்தேர் அது. மதிக்கத்தக்க படைப்பு, குறள்கள் 1330உம் பொறிக்கப்பட்ட மண்டபம் அதன் அருகில் இருக்கிறது. ஆனால் ஆண்டு முழுவதும் நிற்பதனால் கல்தேர் பட்டியலில் இடம்பெறுகிறது. ஆண்டில் ஒரு நாள் மட்டுமே ஓடுவதனால் மரத்தேர் இடம்பெறுவதில்லை. தேர் என்பது ஓடுவதற்காக ஏற்பட்டது என்ற எளிய உண்மையைத் தலைகீழாக்கும் ஒரு முறை, தேரின் ஊரைப் பற்றி எதைத்தான் சரியாகச் சொல்லிவிட முடியும்?

2. சென்னை ஒரு பானைச் சோறா?

ஒரு சோற்றைப் பதம் பார்ப்பது, பானைக்குள் இருப்பது அனைத்தும் ஒரே அரிசி, ஒரே உலை, ஒரே கொதி என்பதால் செல்லுபடியாகும் சோதனை. சென்னை அவ்வாறு வெந்த ஊர் அன்று. ஈஸ்ட் இந்தியா கம்பெனி 1639இல் மதராசப்பட்டினத்தில் கால்வைத்தபோது மயிலாப்பூர் ஏற்கெனவே பழைய ஊர். சாந்தோமில் போர்ச்சுக்கீசியர் குடியேறி ஒரு நூற்றாண்டு ஆகியிருந்தது. மயிலாப்பூர் கோயிலைச் சுற்றித் தானாக வளர்ந்தது. தியாகராய நகர் அரசு வரைபடத்தில் கோடு போட்டு உண்டாக்கியது. அடையாறு ஆற்றுமுகமும் தோட்டங்களுமாக நெடுங்காலம் ஊருக்கு வெளியே கிடந்தது. இந்த மூன்றில் ஒன்றைக் கண்டு மற்ற இரண்டையும் ஊகிக்க எவராலும் இயலாது.

தியாகராய நகரின் நிலை இதற்கு நல்ல எடுத்துக்காட்டு. ஒரு நாள் சுற்றுலாவில் அது வந்தால், பட்டுப்புடவை வாங்குவதற்கான ஒரு மணி நேரமாக மட்டும் வரும். ஆனால் அந்த நகர் இருக்கும் தரையே ஒரு வரலாறு. நுங்கம்பாக்கத்திலிருந்து மாம்பலம் பக்கமாகத் தெற்கே நீண்டிருந்த பெரிய ஏரியின் ஒரு பகுதி, நீதிக்கட்சி ஆட்சிக்காலத்தில், 1923ஐ ஒட்டி வடிக்கப்பட்டு, வீட்டு மனைகளாகப் பிரிக்கப்பட்டது. 1925இல் மறைந்த பிட்டி தியாகராயச் செட்டியாரின் பெயர் நகருக்கும், முதலமைச்சராக இருந்த பனகல் அரசரின் பெயர் நடுப் பூங்காவுக்கும் வைக்கப்பட்டன. 1916இல் அக்கட்சியின் தோற்றத்துக்குக் காரணமான மூவரும் இங்கே இருக்கிறார்கள்: தியாகராயர் நகராக, டி.எம். நாயர் சாலையாக, சி. நடேசனார் பூங்காவாக. உஸ்மான் சாலை, பசுல்லா சாலை, ஜி.என். செட்டி சாலை என்று மேலும் நடந்தால், பிராமணரல்லாதார் இயக்கத்தின் முதல் தலைமுறையைத் தெருப் பலகைகளிலேயே வாசித்துவிடலாம். பாண்டி பஜார் என்று எல்லோரும் சொல்லும் தெருவுக்கும் டபிள்யு.பி.ஏ. சௌந்தரபாண்டியனாரின் பெயரே உரியது; அதன் நடைபாதை அகலப்படுத்தப்பட்டு 2019இல் நடைவளாகமாகத் திறக்கப்பட்டது.

ஏரி போய்விட்டது, பெயர் போகவில்லை. மேற்கு மாம்பலத்தில் லேக் வியூ சாலையும் நுங்கம்பாக்கத்தில் டேங்க் பண்ட் சாலையும், அதாவது ஏரி தெரியும் சாலையும் ஏரிக்கரைச் சாலையும், ஏரி இல்லாமலே இருக்கின்றன. தண்ணீரும் தன் பழைய இடத்தை மறக்கவில்லை என்பதை 2015 டிசம்பரிலும் 2021 நவம்பரிலும் இப்பகுதியில் முழங்கால் ஆழத்தில் நடந்தவர்கள் அறிவார்கள். வள்ளுவர் கோட்டமும் அதே ஏரிப்பரப்பைச் சேர்ந்த நிலத்தில்தான் நிற்கிறது. அங்கே நிறுத்தப்படும் பேருந்தில் இந்த ஒரு செய்தி சொல்லப்படுமானால், அடுத்த மூன்று நிறுத்தங்களைக் கைவிட்டாலும் பயணிக்கு நட்டம் இல்லை. மாறாக, அடுத்த நிறுத்தத்துக்கு நேரமாகிவிட்டது என்பதனாலேயே அது சொல்லப்படுவதில்லை.

அடையாற்றின் ஆலமரத்தையும் இங்கே நினைக்க வேண்டும். 1882 முதல் பிரம்மஞான சபையின் தலைமையிடமாக இருக்கும் தோப்பில், பல நூற்றாண்டு வயதுடைய அந்த மரத்தின் நடு அடிமரம் 1989இல் புயற்காற்றில் சாய்ந்துவிட்டது. முதன்முறை வருகிறவர் ‘மரம் எங்கே’ என்று நடுவில் தேடுவார். நடுவில் ஒன்றும் இராது. தரையில் ஊன்றித் தாமே அடிமரமாகிவிட்ட விழுதுகள்தான் மரம், அவற்றுக்கிடையே நடந்து திரிவதுதான் அதைப் பார்ப்பது.

3. பேருந்து ஓடும் நேரத்தில் ஊர் எங்கே இருக்கிறது?

காலை 9 மணிக்குத் தொடங்கி மாலை 5 மணிக்கு முடியும் ஒரு நாளைச் சென்னையின் ஒரு நாளோடு ஒப்பிட்டுப் பார்த்தால், இரண்டும் ஒன்றையொன்று சந்திக்கவே இல்லை என்பது தெரியும். கபாலீசுவரர் கோயிலில் விடியலில் தொடங்கும் வழிபாடு நண்பகலையொட்டி முடிந்து நடை சாத்தப்படும். பிறகு மாலை 4 மணி அளவில்தான் திறக்கும். தமிழ்நாட்டுப் பெருங்கோயில்கள் பெரும்பாலானவற்றுக்கும் இதுவே வழக்கம். அருங்காட்சியகத்தில் கொஞ்சம் தாமதித்த வண்டி 12 மணிக்கு மேல் கிழக்கு மாட வீதிப் பக்கம் வந்து சேர்ந்தால், வழிகாட்டி ‘நடை சாத்தியாச்சு’ என்று ஒரு வார்த்தையில் முடித்துவிட, வந்தவர்கள் கோபுரத்தின் முன் படம் எடுத்துக்கொண்டு ஏறிவிடுகிறார்கள். சாத்துவதற்குச் சற்று முன்னே வந்தவர் நிலையும் மேலானது அன்று: செருப்பை விட்டுவிட்டு வெயிலில் காய்ந்த பிராகாரக் கல்லில் கால்வைத்தவர், கால் சுடாத நிழலைத் தேடி ஓடுவாரே தவிர, தலமரமான புன்னையின் கீழ் மயில் வடிவில் அம்மை பூசித்த சன்னிதியைப் பார்க்க நிற்க மாட்டார்.

மெரினாவும் அப்படியே. மீனவர் படகு கரையேறும் விடியற்காலையும், காற்று வாங்க ஊர் திரளும் அந்திப்பொழுதும் அந்தக் கடற்கரையின் இரண்டு உயிர்நாடிகள். 1880களில் ஆளுநர் கிராண்ட் டஃப் அங்கே உலாச்சாலை அமைத்ததும் மாலைக்காற்றுக்காகத்தான். பிற்பகல் 3 மணிக்கு அதே மணலில் நிற்பவருக்குக் கிடைப்பது அனலும் மூடிய சுண்டல் வண்டிகளும். அருங்காட்சியகத்துக்கு வெள்ளிக்கிழமை விடுமுறை. கோயிலிலோ வெள்ளிக்கிழமைதான் கூட்டம். பிரம்மஞான சபைத் தோட்டம் நாளில் குறிப்பிட்ட சில மணி நேரமே பார்வையாளருக்குத் திறந்திருக்கும், ஞாயிற்றுக்கிழமை திறப்பதில்லை. மார்கழியில் விடியுமுன் மாட வீதிகளைச் சுற்றிவரும் பஜனை, பாபநாசம் சிவன் வாழ்நாளெல்லாம் முன்னின்று நடத்திய மரபு; வண்டி புறப்படும் வேளையில் அது முடிந்து, பாடியவர்கள் அலுவலகத்துக்குப் போயிருப்பார்கள். 1927இல் சென்னையில் நடந்த காங்கிரஸ் மாநாட்டையொட்டிய இசை மாநாட்டிலிருந்து வளர்ந்த டிசம்பர்க் கச்சேரிப் பருவத்தின் பெரிய கச்சேரிகளோ, வண்டி திரும்பிய பிறகே தொடங்குகின்றன. இவை தற்செயலான தவறல்கள் அல்ல. வெயில் மிகுந்த ஊர் தன் வாழ்வை விடியலிலும் அந்தியிலும் வைத்துக்கொண்டது. சுற்றுலாவோ அலுவலக நேரத்தை எடுத்துக்கொண்டது.

4. வழிகாட்டி சொல்வது வரலாறா?

வழிகாட்டிகள் மீது இங்கு குற்றம் சாட்டப்படவில்லை. அவர்களில் ஊரை ஆழ்ந்து அறிந்தவர்கள் பலர். குற்றம் அவர்களுக்குக் கொடுக்கப்படும் கால அளவில் இருக்கிறது. ஓர் இடத்துக்கு அரை மணி என்று வைத்துக்கொண்டு, இறங்குவதற்கும் ஏறுவதற்கும் ஆட்களை எண்ணுவதற்கும் படம் எடுப்பதற்கும் ஆகும் நேரத்தைக் கழித்தால், பேச்சுக்கு மிஞ்சுவது பத்து நிமிடம். பத்து நிமிடத்தில் ஆண்டு, உயரம், கட்டியவர் பெயர் ஆகியவற்றைச் சொல்லலாம். இவை எல்லாமே வாசலில் உள்ள பலகையிலும் இருப்பவை.

சொல்ல முடியாதது எது என்பதற்குக் கபாலீசுவரர் கோயிலே போதும். வண்டி கொண்டுவந்து நிறுத்தும் கிழக்குக் கோபுரம், 37 மீட்டர் உயரமுள்ளது, 1906இல் எழுப்பப்பட்டது. ஆனால் கருவறையில் கபாலீசுவரர் பார்ப்பது மேற்கே, குளத்தை நோக்கி. உயர்ந்த கோபுரத்தின் வழியாக நுழைகிறவர் இறைவனின் முதுகுப் பக்கமிருந்து நுழைகிறார். வலமாகச் சுற்றி மேற்குப் பக்கம் வந்து, கொடிமரத்துக்குப் பின்னே குளம் விரிவதைப் பார்த்தால்தான் கோயில் எந்தத் திசையை நோக்கித் தன்னை அமைத்துக்கொண்டது என்பது விளங்கும். கோபுரத்தையே கோயில் என்று எண்ணி வெளியிலிருந்தே திரும்புகிறவர், ஒரு வீட்டின் கொல்லைப்புறத்தைப் படம் எடுத்துக்கொண்டு போகிறவர் போன்றவர்.

இன்னும் சிக்கலானது, ஏறத்தாழ ஒரு கிலோமீட்டர் தொலைவிலுள்ள சாந்தோம் தேவாலயத்துக்கும் இக்கோயிலுக்கும் உள்ள தொடர்பு. பழைய கபாலீச்சரம் கடற்கரையில் இருந்தது என்றும், 16ஆம் நூற்றாண்டில் போர்ச்சுக்கீசியர் காலத்தில் அழிவுற்று இன்றைய இடத்தில் பின்னர் எழுந்தது என்றும் பலரும் கொள்கின்றனர். சாந்தோம் பகுதியில் கிடைத்த கல்வெட்டுத் துண்டுகளும், அருணகிரிநாதரின் திருப்புகழ் கோயிலைக் கடலோடு சேர்த்துப் பேசுவதும் இதற்குச் சான்றாகக் காட்டப்படுவன. மறுபக்கம், ஏசுவின் சீடரான தோமா இங்கு அடக்கம் செய்யப்பட்டார் என்பது அவ்விடத்தின் மிகப் பழைய கிறித்தவ மரபு. இன்று நிற்கும் கோதிக் பாணிக் கட்டடம் 1896இல் நேர்ந்தளிக்கப்பட்டது. சான்று எது, மரபு எது, ஊகம் எது என்று பிரித்துச் சொல்ல ஒரு மணி நேரமும் இரு வாசல்களுக்கும் இடையே நடக்கும் ஒரு நடையும் வேண்டும். ஒரே வாக்கியத்தில் சொன்னால் அது ஒரு தரப்பின் மீதான புகாராகவோ, மறு தரப்பின் பெருமையாகவோ மட்டுமே பயணியின் காதில் விழும். இரண்டையும் தவிர்க்க விரும்பும் நல்ல வழிகாட்டி மௌனமாகிவிடுகிறார். பயணி, ஒன்றோடொன்று தொடர்பில்லாத இரண்டு கட்டடங்களைப் பார்த்துவிட்டுப் போகிறார்.

இத்தோடு, பல சுற்றுலாக்களில் கைவினைப் பொருள் கடையிலோ புடவைக் கடையிலோ கட்டாயமாக ஒரு நிறுத்தம் இருப்பதும், அங்கு விற்பனையாவதில் ஒரு பங்கு ஓட்டுநருக்கும் வழிகாட்டிக்கும் போவதும் எவருக்கும் தெரியாத செய்தி அல்ல. குறைந்த ஊதியத்தைக் கமிஷன் ஈடுகட்டும் ஏற்பாட்டில், கோயிலுக்கு அரை மணியும் கடைக்கு ஒரு மணியும் ஒதுக்கப்படுவது இயல்பே.

5. மலிவும் பாதுகாப்பும் யாருக்கு?

நான்கு வாதங்களில் இதுவே மனத்தைத் தொடுவது. எனவே நேர்மையாக ஒப்புக்கொள்ள வேண்டியதை ஒப்புக்கொண்டே தொடர வேண்டும். மொழியும் வழியும் தெரியாதவருக்கு ஏறி உட்கார்ந்தால் போதும் என்ற உறுதி பெரிய ஆறுதல். ஆனால் முதியவரின் பொருட்டுச் சொல்லப்படும் இவ்வாதம் முதியவரின் முழங்காலைக் கேட்டுச் சொல்லப்பட்டதாகத் தெரியவில்லை. ஏழு இடங்கள் என்றால் பேருந்தின் உயரமான படியில் ஏழு முறை இறங்கி ஏழு முறை ஏற வேண்டும். இடையிடையே, மெட்ரோ இரண்டாம் கட்டப் பணிகளால் வழி மாற்றப்பட்ட சாலைகளில் நெரிசலில் உட்கார்ந்திருக்க வேண்டும். ஒரே இடத்தில் நிழல் பார்த்து மெல்ல நடந்து, உட்கார்ந்து, சாப்பிட்டு, மீண்டும் நடக்கும் ஒரு நாள் அவருக்கு இதைவிட எளிது.

செலவைப் பொறுத்தவரை, கடற்கரையிலிருந்து வேளச்சேரி செல்லும் பறக்கும் ரயில் கோட்டை, சேப்பாக்கம், திருவல்லிக்கேணி, கலங்கரை விளக்கம், திருமயிலை, மந்தைவெளி, கஸ்தூரிபா நகர் என்று தென்சென்னையின் முதுகெலும்பு வழியாகவே போகிறது. தியாகராய நகருக்கு மாம்பலம் ரயில் நிலையத்தில் இறங்கினால் ரங்கநாதன் தெரு வாசலிலேயே நிற்கிறது. மாநகரப் போக்குவரத்துக் கழகத்தின் சாதாரணக் கட்டணப் பேருந்துகளில் 2021 மே முதல் பெண்களுக்குக் கட்டணமே இல்லை. தனியே வரும் பெண்ணுக்குப் பகலில் மயிலாப்பூரின் மாட வீதிகளைவிடப் பாதுகாப்பான இடம் தேடினாலும் கிடைப்பது அரிது. பூக்காரர், காய்கறிக்காரர், பாத்திரக்கடைக்காரர் என எத்தனையோ கண்கள் அந்தத் தெருவில் நாள் முழுவதும் விழித்திருக்கின்றன.

6. இதனால் ஊருக்கு என்ன கேடு?

பயணியின் நட்டம் ஒரு நாளோடு போய்விடும். ஊரின் நட்டம் தொடரும். பட்டியலில் உள்ள இடத்துக்கே பெயர்ப்பலகையும் வண்டி நிறுத்தமும் நிதியும் வருகின்றன. பட்டியலில் இல்லாத மயிலைச் சித்திரக்குளமும், தியாகராய நகரின் பழைய வீடுகளும், அடையாற்று முகத்தின் சதுப்பும் பராமரிப்பாரின்றிப் போனாலும் கேட்பதற்கு ஆள் இருப்பதில்லை. இதைவிட ஆழமான கேடு, ஊர்க்காரர்களே தங்கள் ஊரைப் பட்டியலின் கண்ணால் பார்க்கப் பழகிவிடுவது. ‘சென்னையில் பார்க்க என்ன இருக்கிறது, அரை நாள் போதும், மிச்சத்துக்கு மகாபலிபுரம் போய்விடலாம்’ என்று, மாட வீதியிலேயே பிறந்து வளர்ந்தவர் விருந்தாளிக்குச் சொல்வதைக் கேட்க முடிகிறது. அவர் பொய் சொல்லவில்லை; தாம் வாழ்கிற பொழுதுகளைப் ‘பார்க்க வேண்டியவை’ என்று எண்ணவே அவருக்குக் கற்பிக்கப்படவில்லை.

இதற்கு மாற்று உண்டு என்பதையும் இவ்வூரே காட்டியிருக்கிறது. ஆகஸ்ட் 22ஆம் நாளை மையமாக வைத்து 2004 முதல் நடந்துவரும் மதராஸ் தினக் கொண்டாட்டம், வரலாற்றெழுத்தாளர் எஸ். முத்தையாவையும் அவரது நண்பர்களையும் முன்னோடிகளாகக் கொண்டது. அதையொட்டி வளர்ந்த மரபு நடைகளில், ஒருவர் வழிகாட்ட, இருபது பேர் ஒரே வட்டாரத்தில் இரண்டு மணி நேரம் விடிகாலையில் நடக்கின்றனர். அவற்றிலும் வழிகாட்டி இருக்கிறார், நேர அளவு இருக்கிறது, முன்திட்டம் இருக்கிறது. இல்லாதது பட்டியலை முடித்தாக வேண்டும் என்ற அவசரம் மட்டுமே.

7. ஒரே ஒரு நாள் உள்ளவர் என்ன செய்வது?

கடைசியாக எஞ்சும் கேள்வி இதுவே. ஒரு நாள் மட்டுமே உள்ளவர் அந்த நாளை ஏழாகப் பிரிக்காமல் ஓர் ஊரில் வைக்க வேண்டும் என்பதே இதற்கு விடை. மயிலாப்பூரை எடுத்துக்கொண்டால், காலை 6 மணிக்கு வாசல் தெளித்துக் கோலமிடும் நேரத்தில் மாட வீதியில் இருக்க வேண்டும். தரை குளிர்ந்திருக்கும்போதே கோயிலை மேற்கு வாசலிலிருந்து தொடங்கி வலம்வர வேண்டும். தெற்கு மாட வீதியில் காய்கறி குவிந்து விலை பேசப்படும் வேளை அதற்கு அடுத்தது. கச்சேரி சாலையில் நூறாண்டு கடந்த டப்பா செட்டி கடையில், தகர டப்பாக்களிலிருந்து சுக்கும் திப்பிலியும் கண்டந்திப்பிலியும் எடுத்து, கேட்டவர் சொல்லும் நோவுக்கு ஏற்ப நிறுத்துக் கட்டுவதைப் பார்த்துவிட்டு, அதே சாலையில் கிழக்கே நடந்தால் சாந்தோமும் அதன் பின்னே கடலும் வந்துவிடும். மேலே சொல்லப்பட்ட கோயில்–தேவாலயச் சிக்கலைக் காலால் அளந்து உணர அந்த ஒரு நடை போதும். நண்பகலில் கோயில் சாத்தும்போது அவரும் ஊரோடு சேர்ந்து சாப்பிட்டு ஓய்வெடுக்கலாம். நடை சாத்துவது அவருடைய திட்டத்தைக் கெடுப்பதில்லை, ஏனெனில் அதுவும் அவருடைய திட்டத்தில் உள்ளதுதான்.

வெயில் தாழ்ந்து 4 மணிக்குக் கதவு திறந்த பின், விளக்கு வைக்கும் வேளையில் ஓதுவார் தேவாரம் பாடுவதைக் கேட்டு, குளக்கரையில் சற்று இருந்து, வடக்கு மாட வீதிக் கடைகளைப் பார்த்து, இரவில் மீண்டும் உள்ளே வந்தால் பள்ளியறைச் சேவைக்கு நேரம் சரியாக இருக்கும். நாள் முடிவில் இறைவனைச் சிறு பல்லக்கில் பள்ளியறைக்கு எழுந்தருளச் செய்யும் வழிபாடு அது. நாள்தோறும் வருகிற உள்ளூர்க்காரர் சிலர்தான் அப்போது இருப்பார்கள், அவர்களில் யாராவது ஒருவர் புதியவரைப் பார்த்து இந்தப் பக்கம் வந்து நில்லுங்கள், நன்றாகத் தெரியும் என்று இடம்விடுவார். பால் பிரசாதம் கையில் வாங்கி வெளியே வரும்போது, பூக்காரர்கள் மிஞ்சிய சரங்களை ஈரத் துணியில் சுற்றிக்கொண்டிருப்பார்கள். அங்கிருந்து திருமயிலை நிலையம் நடந்துபோகிற தொலைவுதான். வழி கேட்டால் யாரும் சொல்வார்கள்.